பணத்துக்குக் கட்டும் வாடகை

புதுமனை மந்திரிக்க அழைப்பு வந்தால் நாம் மறுப்பதில்லை. அறை அறையாகப் புனித நீர் தெளித்து, கூடத்துச் சுவரில் திரு இருதய ஆண்டவர் படத்தை நிறுவி, வாணியம்பாடிக்கே உரிய பிரியாணியைப் பந்தியில் அமர்ந்து உண்டு திரும்புகிறோம். இத்தனை ஆண்டுப் பணி வாழ்வில், 'இந்த வீட்டின் விலை என்ன?' என்று ஒருமுறையேனும் நாம் கேட்டதில்லை. கேட்டிருந்தாலும் விடை தவறாகவே வந்திருக்கும். மனைக்கும் செங்கல்லுக்கும் கம்பிக்கும் கொத்தனார் கூலிக்கும் ஆனதைத்தான் வீட்டுக்காரர் சொல்லியிருப்பார். கடன் கொடுத்தவருக்கு இருபது ஆண்டுகள் கட்டப்போவதை எவரும் விலையில் சேர்ப்பதில்லை. நாமும் சேர்த்ததில்லை, அதனால்தான் இதை எழுதுகிறோம்.

2023ஆம் ஆண்டில் ஒரு மாலைத் திருப்பலிக்குப் பின் நம் பங்கைச் சேர்ந்த ஒருவர் கையில் ஒரு கடிதத்தோடு காத்திருந்தார். காலணித் தொழிற்சாலையில் தோல் வெட்டும் பிரிவில் வேலை. மனைவி வேறொரு தொழிற்சாலையில் மேல்தோல் தைக்கிறார். முந்தைய ஆண்டின் தொடக்கத்தில், தம் 41ஆம் வயதில், 20 ஆண்டுத் தவணைக்கு வீட்டுக் கடன் வாங்கியிருந்தார். கடிதம் ஆங்கிலத்தில் இருந்தது. "சாமி, ஒரு மாசங்கூட தவறாம கட்டிக்கிட்டு வரேன். இதுல என்ன எழுதியிருக்குன்னு பாருங்க" என்றார். வட்டி உயர்ந்ததால் கடன் காலம் மாற்றியமைக்கப்பட்டுள்ளது என்று எழுதியிருந்தது. கடைசித் தவணைக்கான ஆண்டைத் தேடிப் பார்த்தோம்: 2049. அன்று அவருக்கு 68 வயது. தொழிற்சாலையிலோ 58இல் கணக்கு முடித்து அனுப்பிவிடுவார்கள். "அப்ப மீதிய பையன் கட்டணுமா சாமி?" என்று கேட்டார். பையன் அப்போது ஆறாம் வகுப்பில் இருந்தான்.

கடனைத் திருப்பிக் கட்டாமல் ஏமாற்றியவர் அல்லர் இவர். ஒழுங்காகக் கட்டியவர். இவருக்கு நேர்ந்ததைப் புரிந்துகொள்ளக் கணக்குத்தான் பார்க்க வேண்டும். கோவில் இதழில் கணக்கா என்று முகம் சுளிப்பவர்கள் பொறுத்தருள்க. கோபுரம் கட்ட எண்ணுபவன் முதலில் உட்கார்ந்து செலவைக் கணக்கிட வேண்டாமா என்று கேட்டவர் நம் ஆண்டவரே. அதை லூக்கா பதினான்காம் அதிகாரத்தில் எழுதிவைத்திருக்கிறார்.

அவருடைய சொந்தக் கணக்கை இங்கே விரிப்பது முறையன்று. எண்ணுவதற்கு எளிதாக, கடன் 20 இலட்சம், ஆண்டு வட்டி 8.5 விழுக்காடு, காலம் 20 ஆண்டு என்று வைத்துக்கொள்வோம். மாதத் தவணை 17,356 ரூபாய். 240 தவணைகளையும் பிசகாமல் கட்டி முடிப்பவர் கட்டிய மொத்தத் தொகை 41 இலட்சத்து 65 ஆயிரம். வாங்கியதை விட வட்டி அதிகம். இதைவிட முக்கியமானது, எந்த மாதத்தில் எவ்வளவு வட்டி என்பது. முதல் தவணையான 17,356 ரூபாயில் வட்டி 14,167; கடனில் குறைவது 3,189. ஐந்து ஆண்டுகள் கட்டினால் கையை விட்டுப் போனது 10 இலட்சத்து 41 ஆயிரம்; கடனில் குறைந்தது 2 இலட்சத்து 37 ஆயிரம். பத்தாண்டு முடிந்து பாதி வழி வந்துவிட்டோம் என்று மூச்சு விடும்போது 14 இலட்சம் இன்னும் நிற்கும். தவணையில் பாதிக்கு மேல் முதலுக்குப் போகத் தொடங்குவது 12ஆம் ஆண்டின் கடைசியில்தான்.

இந்தக் கணக்கில் களவு இல்லை. நிற்கும் பாக்கிக்கு வட்டி, மிச்சம் முதலுக்கு என்பதே அதன் முறை. எந்த வங்கியிலும் அப்படித்தான். நாம் வழக்காடுவது கணக்கோடு அல்ல. கணக்கை மறைத்துக் கட்டப்படும் ஒரு சொல்லோடு.

அந்தச் சொல்லை நீங்களும் கேட்டிருப்பீர்கள். 'வாடகை கொடுத்தால் போனது போனதுதான். அதையே தவணையாகக் கட்டினால் நாளைக்குச் சொத்து.' கடன் முகவர் சொல்கிறார்; மனை விற்பவர் சொல்கிறார்; சம்பந்தி வீட்டார் சொல்கிறார்கள்; கோவில் வாசலில் நின்று நம் அன்பிய ஒருங்கிணைப்பாளர்களே சொல்லக் கேட்டிருக்கிறோம். வட்டி என்பது என்ன? பிறர் வீட்டில் குடியிருப்பதற்குக் கொடுப்பது வீட்டு வாடகை. பிறர் பணத்தை வைத்திருப்பதற்குக் கொடுப்பது பணத்தின் வாடகை. மேற்சொன்ன கடனில் முதல் ஓராண்டில் மட்டும் 1 இலட்சத்து 68 ஆயிரம் பணத்தின் வாடகையாகப் போகிறது. வீட்டு வாடகை வீண் என்றால் இது எந்தக் கணக்கில் சேமிப்பு? மாதம் 6,000 ரூபாய் வாடகையிலிருந்து தப்பிப்பதற்காக மாதம் 14,000 ரூபாய் வாடகைக்குள் நுழைந்தவரை, 'சொந்த வீட்டுக்காரர்' என்று நாமும் பலிபீடத்திலிருந்து வாழ்த்தியிருக்கிறோம். வரிச்சலுகை உண்டே என்பார்கள். வருமான வரியே கட்டத் தேவையில்லாத தோல் தொழிலாளிக்கு அதில் என்ன சலுகை?

எதிர்வாதத்தையும் நேர்மையோடு சொல்லிவிட வேண்டும். வாடகை ஏறிக்கொண்டே போகும்; தவணை அப்படி ஏறாது. விலைவாசி உயர உயர, இன்றைய 17,000 ரூபாய் பதினைந்து ஆண்டுக்குப் பின் இலேசாகத் தெரியும். மனை மதிப்பும் கூடும். 'காலி பண்ணு' என்று எவரும் சொல்லாத வாசற்படியின் மதிப்பைப் பங்கு இல்லத்தில் வாடகையின்றி வாழும் நாம் அறியமாட்டோம் என்று ஒருவர் கேட்டால், தலைகுனிந்து ஒப்புக்கொள்வோம். கந்து வட்டிக்காரரிடம் சிக்கிய குடும்பங்களை எண்ணிப் பார்த்தால் வங்கிக் கடன் ஒரு விடுதலைதான். இவை அனைத்தும் உண்மை. ஆனால் தவணை நாளடைவில் இலேசாகும் என்பது, ஆண்டுதோறும் அகவிலைப்படியும் ஊதிய உயர்வும் பெறுபவரின் கணக்கு. ஆம்பூர், வாணியம்பாடி, பேரணாம்பட்டுத் தோல் தொழிலாளியின் 240 மாத வருவாய்க்கு யார் உறுதி சொல்வது?

1996 ஆகஸ்ட் 28 அன்று வேலூர் குடிமக்கள் நல மன்றத்தின் வழக்கில் உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்தது. பாலாற்றையும் நிலத்தடி நீரையும் கெடுத்த தோல் பதனிடும் ஆலைகள் ஒவ்வொன்றுக்கும் 10,000 ரூபாய் தண்டம்; கழிவுநீரைச் சுத்திகரிக்க வழி செய்யாதவை மூடப்பட வேண்டும் என்பது ஆணை. நீதியான தீர்ப்பு. ஆயினும் மூடிய ஆலையின் வாசலில் நின்றவன் தொழிலாளியே. 2020இல் பெருந்தொற்று. 2025 ஆகஸ்டில் இந்தியப் பொருள்கள் மீது அமெரிக்கா 50 விழுக்காடு வரை சுங்க வரி விதித்தபோது, வெளிநாட்டுக் கொள்முதலை நம்பியிருந்த காலணித் தொழில் மீண்டும் கலங்கியது. முப்பது ஆண்டுக்குள் மூன்று இடிகள். இருபது ஆண்டுக் கடனில் கையெழுத்திடுபவர் இவற்றில் ஒன்றையேனும் கடனோடு சந்தித்தே தீர வேண்டும்.

2020இல் நடந்ததை இன்னும் பலர் அறியவில்லை. மார்ச்சு முதல் ஆகஸ்டு வரை ஆறு மாதத் தவணைகளைத் தள்ளிவைக்க ரிசர்வ் வங்கி இசைவளித்தது. தவணைதான் நின்றது, வட்டி நிற்கவில்லை. வட்டிக்கு வட்டி கூடாது என்று 2021 மார்ச்சில் உச்ச நீதிமன்றம் கூறியது. வட்டியைத் தள்ளுபடி செய்ய மறுத்துவிட்டது. நாம் எடுத்துக்கொண்ட அதே 20 இலட்சக் கடன் அப்போது புதிதாக இருந்து, ஆறு தவணைகளைத் தள்ளிவைத்து, பின்னர் பழைய தவணையையே கட்டிவந்திருந்தால், கடைசியில் கூடுவது ஆறு தவணை அன்று, ஏறக்குறைய முப்பது. ஆறு மாத இளைப்பாறலுக்கு இரண்டரை ஆண்டு உழைப்பு. அன்று 'அரசு சலுகை தந்திருக்கிறது, பயன்படுத்திக்கொள்ளுங்கள்' என்று நாமும் சிலருக்கு அறிவுரை கூறினோம். அறியாமல் கூறினோம் என்பது சமாதானம் ஆகாது.

இனி நம் பங்கு மனிதரின் கடிதத்துக்கு வருவோம். வங்கிகள் 2019 அக்டோபர் முதல் தரும் மாறும் வட்டி வீட்டுக் கடன்கள், பெரும்பாலும் ரிசர்வ் வங்கியின் 'ரெப்போ' வட்டியோடு பிணைக்கப்பட்டவை. அது 2022 மே மாதத் தொடக்கத்தில் 4 விழுக்காடாக இருந்தது. 2023 பிப்ரவரியில் 6.5 ஆனது. பத்தே மாதத்தில் இரண்டரை விழுக்காடு ஏற்றம். 6.75 விழுக்காட்டில் 20 இலட்சம் வாங்கியவரின் தவணை 15,207 ரூபாய். வட்டி 9.25 ஆனதும் 20 இலட்சத்துக்கு ஒரு மாத வட்டியே 15,417. தவணை முழுவதையும் விழுங்கிய பிறகும் வட்டிக்குப் பசி தீரவில்லை! அதற்குள் ஐம்பதாயிரம் ரூபாய் முதலில் குறைந்திருந்தாலும், மாதம் மிகச் சிறு தொகைதான் கடனைக் குறைக்கும். ஆயுள் முழுதும் கட்டினாலும் தீராத கடன் அது. எனவே காலத்தை நீட்டினார்கள். நீட்ட முடியாதபோது தவணையையும் கூட்டினார்கள். பெரும்பாலோரைக் கேட்டுச் செய்யவில்லை.

இங்கேதான் திருச்சபையின் பழைய மரபு ஒன்று நினைவுக்கு வருகிறது. 1163இல் பிரான்சு நாட்டுத் தூர் நகரில் திருத்தந்தை மூன்றாம் அலெக்சாண்டர் தலைமையில் கூடிய சங்கம், சில குருக்களும் துறவியரும் செய்துவந்த ஒரு தொழிலைக் கண்டித்தது. ஏழைக்குக் கடன் கொடுப்பார்கள். அவன் நிலத்தை ஈடாகப் பெற்று விளைச்சலை ஆண்டுதோறும் அனுபவிப்பார்கள். கடனோ அப்படியே நிற்கும். நம் ஊர்ப் பக்கத்தில் ஒத்தி என்றும் போக்கியம் என்றும் வழங்குவதன் உடன்பிறப்புத்தான். இலத்தீனில் இதற்குப் பெயரே 'செத்த ஈடு'. இன்று ஆங்கிலத்தில் வழங்கும் 'மார்ட்கேஜ்' என்னும் சொல்லின் பொருளும் அதுவே. சங்கம் இட்ட கட்டளை எளியது. அனுபவித்த விளைச்சலில் செலவு போக மீந்ததை முதலில் கழி. முதல் தீர்ந்ததும் நிலத்தைத் திருப்பிக்கொடு.

வட்டியே பாவம் என்ற பழைய போதனையை இன்று எவரும் அப்படியே எடுத்துப் பேசுவதில்லை. கடன் கொடுப்பவருக்கு உண்மையாக நேரும் இழப்புக்கு ஈடு பெறலாம் என்பதைத் திருத்தந்தை பதினான்காம் பெனடிக்ட் 1745ஆம் ஆண்டுச் சுற்றுமடலில் ஏற்றார்; 1917ஆம் ஆண்டுத் திருச்சபைச் சட்டத் தொகுப்பு நாட்டுச் சட்டம் அனுமதிக்கும் வட்டிக்கு இடம் கொடுத்தது. கதவு திறந்தது சரி. திறந்த பிறகு நாம் அந்தப் பக்கம் திரும்பிப் பார்க்கவே இல்லை என்பதுதான் குறை. வட்டி என்ற சொல்லுக்கே தயங்கும் இசுலாமிய அண்டை வீட்டார் இந்த ஊரில் நமக்கு உண்டு. அவர்கள் மனச்சான்றில் இன்னும் உறுத்தும் ஒன்று நம் மனச்சான்றில் உறங்கிப்போனது எப்படி? தூர் சங்கம் கேட்ட கேள்வி இன்றும் செல்லும்: கடன்பட்டவன் கொடுப்பது கடனைக் குறைக்கிறதா? மாதம் 15,000 கட்டியும் கடன் அசையாமல் நின்றால், சட்டம் அதை என்ன பெயரால் அழைத்தாலும், அது செத்த ஈடுதான்.

சம்பளச் சீட்டு இல்லாதவர் நிலை இதைவிடக் கொடிது. வீட்டிலிருந்தபடி ஜோடிக் கணக்கில் தைத்துக் கொடுக்கும் பெண்ணுக்கும் ஒப்பந்தக்காரரிடம் வேலை செய்பவருக்கும் வங்கி எளிதில் கடன் தராது. தேடி வந்து தரும் நிதி நிறுவனங்கள் கூடுதல் வட்டி கேட்கும். 14 விழுக்காட்டில் 10 இலட்சம் வாங்கினால் 20 ஆண்டில் கட்டுவது 29 இலட்சத்து 84 ஆயிரம். குறைவாக ஈட்டுபவர் ஒரே வீட்டுக்கு மூன்று விலை கொடுக்கிறார். நெகேமியா நூலின் ஐந்தாம் அதிகாரத்தைத் திறந்து பாருங்கள். வயலையும் திராட்சைத் தோட்டத்தையும் வீட்டையும் அடகு வைத்தோம் என்று மக்கள் அழுகிறார்கள். தலைவர்கள் வாங்கிய வட்டி நூற்றுக்கு ஒன்று. மாதத்துக்கு என்று கொண்டால் ஆண்டுக்குப் பன்னிரண்டு. அதைத்தான் திருப்பிக் கொடுங்கள் என்று நெகேமியா அவர்களை ஆணையிட வைத்தார். தாமும் கடன் கொடுத்தவர்களுள் ஒருவர் என்பதை அவர் மறைக்கவும் இல்லை.

இன்னொன்று. ஈட்டுப் பொருளை வாங்கக் கடன் கொடுத்தவன் வீட்டுக்குள் நுழையலாகாது, வெளியே நிற்க வேண்டும் என்கிறது இணைச்சட்ட நூல். நம் நாட்டில் 2002ஆம் ஆண்டுச் சட்டப்படி, கடன் வாராக் கடனான பின் 60 நாள் அறிவிப்புக் கொடுத்து, வழக்கு மன்றம் போகாமலேயே வீட்டை உடைமையாக்கிக்கொள்ளலாம். உடைமையாக்கிய அறிவிப்பை வீட்டில் ஒட்ட வேண்டும். இரண்டு நாளிதழ்களில் வெளியிட வேண்டும். அவற்றுள் ஒன்று வட்டார மொழியில் இருக்க வேண்டும் என்பது விதி. இதைப் படித்தபோது நமக்குச் சினம் வந்தது. கையெழுத்து வாங்கும்போது நாற்பது பக்க ஆங்கிலம். வீட்டைப் பறிக்கும்போது ஊரறியத் தமிழ்!

ஆயினும் அண்மைக் காலத்தில் சில கதவுகள் திறந்திருக்கின்றன. 2023 ஆகஸ்டில் ரிசர்வ் வங்கி ஆணையிட்டது: வட்டி மாறும்போது தவணையைக் கூட்டுவதா, காலத்தை நீட்டுவதா என்று கடன் வாங்கியவருக்கே தேர்வு தர வேண்டும், வட்டிக்கே போதாத தவணையாகக் கடன் வளர விடக்கூடாது. 2024 அக்டோபர் முதல், ஒவ்வொரு கடனுக்கும் முக்கிய விவரங்கள் அடங்கிய ஓர் அறிக்கை தரப்பட வேண்டும். எல்லாக் கட்டணங்களையும் சேர்த்த உண்மையான ஆண்டு வட்டியும், தவணை அட்டவணையும் அதில் இருக்க வேண்டும். வாங்குபவருக்குப் புரியும் மொழியில் எழுதி விளக்கவும் வேண்டும். அதாவது தமிழில் கேட்க நமக்கு உரிமை உண்டு. நம் பங்கில் எத்தனை பேர் கேட்டார்கள் என்று விசாரித்தோம். ஒருவரும் இல்லை. 'கேட்டால் கடன் கொடுக்காமல் போய்விட்டால்?' என்றார்கள். கடனோடு ஒட்டவைத்து விற்கும் காப்பீட்டையும் கவனிப்பதில்லை. அந்த 50,000 ரூபாயைக் கடனிலேயே சேர்த்துவிட்டால் 8.5 விழுக்காட்டில் இருபது ஆண்டில் 1 இலட்சத்து 4 ஆயிரம் ஆகிவிடும்.

பயன்படாத மற்றோர் உரிமை, முன்கூட்டிக் கட்டுவது. தனிநபரின் மாறும் வட்டி வீட்டுக் கடனை முன்னதாக அடைத்தால் தண்டக் கட்டணம் கூடாது என்று வங்கிகளுக்கு 2012லேயே தடை வந்துவிட்டது. நம் 20 இலட்சக் கடனில் முதலாண்டு முடிவில் ஓர் இலட்சத்தைக் கூடுதலாக முதலில் கட்டினால் 26 தவணைகள் நின்றுபோகும். நான்கரை இலட்சம் மிச்சம். பதினைந்தாம் ஆண்டில் அதே இலட்சத்தைக் கட்டினால் இந்தப் பலனில் பாதிகூடக் கிடைக்காது. காலத்தைத் தொடக்கத்திலேயே 20க்குப் பதில் 15 ஆண்டாக வைத்தால் தவணை 19,695. மாதம் 2,339 கூடுதல். வட்டியில் குறைவது 6 இலட்சத்துக்கு மேல். ஆனால் தீபாவளி போனசு கைக்கு வரும்போது நாம் என்ன செய்கிறோம்? காது குத்து, பூப்பு நீராட்டு, புது வண்டிக்கு முன்பணம். பங்குத் திருவிழாவின் வாணவேடிக்கைக்கு நன்கொடைச் சீட்டைக் கையில் கொடுத்து அந்த நேரத்தில் வீடு வீடாக ஆள் அனுப்புவது யார்? நாமே.

ஆகவே திருமணத் தயாரிப்பு வகுப்பில், குடும்ப ஒழுக்கம் பற்றி மூன்று மணி நேரம் பேசும் நாம், ஒரு மணி நேரம் தவணை அட்டவணையைப் படிக்கக் கற்றுக்கொடுக்கக் கூடாதா என்று மறைமாவட்டத்துச் சகோதரக் குருக்களைக் கேட்கிறோம். குடும்பங்கள் உடைவதை நாமெல்லாரும் பார்க்கிறோம்; மனைவியின் நகை அடகில் மூழ்குவதும், கணவன் குடிப்பதும், மகள் படிப்பை நிறுத்தித் தையல் பிரிவில் சேருவதும், பல வீடுகளில் ஒரே தேதியில், மாதம் ஐந்தாம் தேதியில் தொடங்குகின்றன. நம் பங்கில் இப்போது மாதத்தின் முதல் ஞாயிறு இரண்டாம் திருப்பலிக்குப் பின், ஓய்வுபெற்ற கணக்கு ஆசிரியர் ஒருவர் பள்ளித் தாழ்வாரத்தில் அமர்கிறார். கடன் தாள்களோடு வருகிறவர்களுக்கு எழுதிக் காட்டுகிறார். முதல் மாதம் நால்வர் வந்தார்கள். மந்திரிப்புக்கு அழைக்க வருபவர்களிடமும் நாம் இப்போது அட்டவணையைக் கேட்கிறோம்; சிலருக்குக் கோபம்.

கடிதத்தோடு வந்த அந்த மனிதரும் மனைவியும் இரண்டு தீபாவளிப் போனசையும் சீட்டு எடுத்த பணத்தையும் முதலில் கட்டினார்கள். எதற்காக இப்போதே கட்டுகிறீர்கள் என்று முகப்பில் இருந்தவர் மும்முறை கேட்டாராம். 2025இல் ரெப்போ நான்கு முறை குறைக்கப்பட்டு 5.25 விழுக்காட்டுக்கு வந்தது. அதன் பலனும் சேர்ந்தது. புதிய அட்டவணையைக் கேட்டு வாங்கி வந்து நம் மேசைமேல் விரித்தார். கடைசித் தவணை 2049இலிருந்து 2046க்கு இறங்கியிருந்தது.

"அப்பவும் அறுபத்தஞ்சு வயசு ஆவுது சாமி" என்றார்.